காடையின் கொண்டை, கூடையின் விளிம்பு

வடகலிபோர்னியாவில் ரஷ்யன் ஆற்றங்கரையிலும் கிளியர் ஏரியைச் சுற்றியும் வாழும் போமோ மக்களின் இறகுக் கூடைகளைப் பற்றி எழுதியவர்கள் பெரும்பாலும் அவற்றின் நிறத்தைத்தான் வியந்திருக்கிறார்கள். வியக்காமல் இருக்கவும் முடியாது. மரங்கொத்தியின் உச்சந்தலைச் சிவப்பு, மெடோலார்க் பறவையின் மார்பு மஞ்சள், காட்டு வாத்தின் கழுத்துப் பச்சை எல்லாம் நூற்றுக்கணக்கில் சேர்ந்து கூடையின் வெளிப்புறத்தைப் பட்டுத்துணி போல மூடியிருக்கும். ஆனால் அந்த நிறப்பரப்பிலிருந்து, குறிப்பாக விளிம்பை ஒட்டி, சீரான இடைவெளியில் சிறு கருங்குச்சங்கள் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அவை கலிபோர்னியக் காடையின் கொண்டைகள். நிறத்துக்காகத்தான் இறகு தேடினார்கள் என்றால் இந்தக் கறுப்புக்கு அங்கே என்ன வேலை? கறுப்பு வேண்டுமென்றால், சாயம் ஏற்றிய வேரால் கூடையிலேயே கறுப்புக் கோலம் போட அவர்களுக்குத் தெரியும். என் வாதம் இதுதான்: மற்றப் பறவைகளிடமிருந்து போமோப் பெண்கள் நிறத்தை எடுத்துக்கொண்டார்கள், காடையிடமிருந்து மட்டும் அசைவை எடுத்துக்கொண்டார்கள்.

முதலில் பறவையைப் பார்ப்போம். நம் வயல்களில் திரியும் காடைக்குக் கொண்டை கிடையாது. கலிபோர்னியக் காடை வேறொரு குடும்பத்தைச் சேர்ந்த அமெரிக்கப் பறவை. அதன் நெற்றிக்கு மேலே ஆறு இறகுகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து, ஒற்றை இறகு போலத் தோன்றி, முன்பக்கமாக வளைந்து தொங்கும். சேவலின் கொண்டை பெரிது, கருமை. பெட்டையினுடையது சிறிது, பழுப்பு. இந்தப் பறவை பறப்பதைவிட ஓடுவதே அதிகம். ஓடும்போது கொண்டை முன்னும் பின்னும் ஆடும். ஆபத்தை உணர்ந்தால் நிமிரும். கூட்டம் மேயும்போது ஒரு சேவல் உயரமான இடத்தில் நின்று காவல் காக்கும். அழகுக்கும் நடத்தைக்கும் இடையே பெட்டை எதைப் பார்த்துத் துணையைத் தேர்கிறது என்று பறவையியலாளர்கள் ஜூலி ஹாகெலினும் டேவிட் லிகானும் ஆராய்ந்தார்கள். 2001இல் வெளியான அந்த ஆய்வு, நெருங்கிய உறவுள்ள, இதே போன்ற கொண்டையுள்ள கேம்பல் காடை பற்றியது. சேவலின் அலங்கார இறகுகளைவிட, ஆண் ஹார்மோனால் தூண்டப்படும் பண்புகளையே பெட்டைகள் பெரிதும் விரும்பின. வெறும் அலங்காரத்தைவிட, உயிர்த்துடிப்போடு அதைக் காட்டும் சேவலுக்கே மதிப்பு அதிகம் என்று இதைப் புரிந்துகொள்ளலாம்.

இனி கூடைக்கு வருவோம். வில்லோக் குச்சிகளைச் சுருளாக வளைத்து, கோரையின் வேரைக் கீறி எடுத்த இழையால் அவற்றைச் சுற்றித் தைத்துக்கொண்டே போவது இந்த முடைதலின் முறை. இறகு பதிக்கும்போது அதன் காம்பை இழைக்கு அடியில் செருகி இறுக்குவார்கள். அடுத்த தையல் அதைப் பிடித்துக்கொள்ளும். சிவப்பும் மஞ்சளும் பச்சையும் இப்படிப் பதிந்து, ஒன்றையொன்று மூடி, கூடையின் உடலோடு படிந்துவிடும். இறகு என்பதே மறைந்து பரப்பு மட்டும் மிஞ்சும். காடைக் கொண்டையும் அதே தையலில்தான் நிற்கிறது. ஆனால் அதைப் படிய விடுவதில்லை. தனித்தனியாக, முனை வெளியே வளைந்து நிற்கும்படி விடுகிறார்கள். கூடையைக் கையில் எடுத்தாலோ, கட்டித் தொங்கவிட்டாலோ அவை ஆடும். கைத்திறன் குறைவால் நேர்ந்ததல்ல இது. உள்ளங்கைக்குள் அடங்கும் கூடையில் கண்ணுக்குத் தெரியாத அளவு நுண்ணிய தையல் போட்டவர்களுக்கு, ஒரு கொண்டையைப் படிய வைப்பது பெரிய காரியமில்லை. படிய வைக்க விரும்பவில்லை என்பதே உண்மை. கூடைகளில் நாம் காண்பவை நீண்ட கருங்கொண்டைகள், அதாவது நன்றாக ஆடக்கூடிய சேவல் கொண்டைகள் என்பதையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்.

இதற்கு வரக்கூடிய முதல் மறுப்பு, கொண்டை வெறும் மிச்சம் என்பது. காடை அவர்களுக்கு உணவு. புதர்களால் நீண்ட வேலி கட்டி, திறப்புகளில் குழாய் போன்ற நீளமான கூடைப்பொறி வைத்துக் கூட்டங்கூட்டமாகப் பிடித்தார்கள். ஓடிப் பழகிய பறவை வேலி ஓரமாகவே ஓடி, திறப்பைக் கண்டதும் உள்ளே நுழைந்துவிடும். கறியை உண்டபின் வீணாகும் இறகை ஒட்டிவைத்தார்கள், அவ்வளவுதானே என்று கேட்கலாம். ஆனால் மிச்சம் என்றால், காடையின் உடலில் இன்னும் எத்தனையோ இறகுகள் மிஞ்சுகின்றன. செதில் செதிலாகக் கோடிட்ட வயிற்று இறகுகள் கொண்டைக்குச் சற்றும் அழகு குறைந்தவை அல்ல. கொத்துக் கொத்தாகக் கிடைப்பதை விட்டுவிட்டு, பறவைக்கு ஒன்றே ஒன்று இருப்பதைச் சேர்த்துவைத்தார்கள். விளிம்பைச் சுற்றி முப்பது கொண்டை என்றால் முப்பது பறவை, அதுவும் சேவல்கள். மிச்சத்தை ஒட்டுகிறவர்கள் இப்படிப் பொறுக்கித் தேர்ந்தெடுப்பதில்லை.

இரண்டாவது மறுப்பு கனமானது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் அமெரிக்காவில் இந்தியக் கூடைகளைச் சேகரிக்கும் மோகம் பரவியது. தங்க வேட்டைக்கு வந்த கூட்டத்திடம் நிலத்தை இழந்து, 1850இல் கிளியர் ஏரியில் அமெரிக்கப் படையின் படுகொலைக்கும் ஆளான மக்களுக்குக் கூடை விற்பனை ஒரு பிழைப்பாயிற்று. போமோ முடைஞர்களான வில்லியம் பென்சன், மேரி பென்சன் தம்பதியர் 1904 செயின்ட் லூயிஸ் உலகக் கண்காட்சிவரை சென்று முடைந்து காட்டினார்கள். அப்படியானால் இந்த அலங்காரம் வாங்குவோர் கண்ணுக்காக வந்ததுதானே? சந்தை கூடைகளின் அளவையும் எண்ணிக்கையையும் பாதித்தது என்பதை ஏற்க வேண்டும். ஆனால் இறகு பதிக்கும் மரபு சந்தைக்கு முந்தியது. கலிபோர்னியக் கடற்கரையின் ராஸ் கோட்டையில் ரஷ்யர்கள் தங்கியிருந்த காலத்தின் கடைசியில், 1840–41இல், ரஷ்யச் சேகரிப்பாளர் இலியா வோஸ்னெசென்ஸ்கி திரட்டிக் கொண்டுபோன இறகுக் கூடைகள் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. போமோ வாழ்வில் இக்கூடைகள் விற்பனைக்கு முன்பே பெரும் பரிசுகள்; இறந்தவரோடு எரிக்கப்பட்டவை, புதைக்கப்பட்டவை. தெற்கே யோகட்ஸ் மக்களின் குறுங்கழுத்துக் கூடைகள் இன்னொரு சான்று தருகின்றன. அவற்றின் தோள்பட்டையில் காடைக் கொண்டைகளுக்கு இடையே வணிகர்களிடம் வாங்கிய சிவப்புக் கம்பளி நூலைப் பல கூடைகளில் காணலாம். சிவப்புக்குக் கடைச் சரக்கு போதுமானதாக இருந்திருக்கிறது. கொண்டை நிற்க வேண்டிய இடத்தில் கொண்டையே நிற்கிறது.

மூன்றாவதாக, இன்றைய பறவையியலைப் பழைய கைவினையின்மீது ஏற்றிச் சொல்கிறேன் என்ற மறுப்பு வரலாம். போமோப் பெண்கள் ஹார்மோன் ஆய்வு செய்தார்கள் என்று நான் சொல்லவில்லை. காடைக் கூட்டம் எந்தப் பக்கம் ஓடும், எப்போது மிரளும் என்று தெரிந்து வேலி கட்டிய சமூகம், அந்தப் பறவையின் தலையில் ஆடுவதைக் கவனிக்காமல் இருந்திருக்காது என்று மட்டுமே சொல்கிறேன். அந்தக் கவனத்துக்குக் கூடையே சாட்சி. மானுடவியலாளர் எஸ். ஏ. பாரெட் 1908இல் வெளியிட்ட போமோக் கூடைமுடைதல் ஆய்வில், முடைபவர்களே கோலங்களுக்குச் சொன்ன பெயர்களைப் பதிவு செய்திருக்கிறார். அவற்றில் ஒன்று காடையின் கொண்டை. ஓர் இறகுகூட இல்லாத கூடையிலும் அந்தக் கோலம் வரும். உருவத்தையும் அவர்கள் நேசித்தார்கள் என்பது தெளிவு. உருவம் மட்டுமே வேண்டுமென்றால் கோலம் போதும். உண்மையான கொண்டையைத் தேடிப் பதிக்கும் சிரமம் எதற்கு? கோலத்தால் ஆட முடியாது.

இந்தக் கேள்வி இன்றும் பொருளுள்ளது. 1918இல் வந்த புலம்பெயர் பறவைகள் ஒப்பந்தச் சட்டம் மரங்கொத்தியையும் மெடோலார்க்கையும் பாதுகாப்புக்குள் கொண்டுவந்தது. அவற்றின் இறகுகளைத் தேடுவது கடினமாயிற்று. ஓரிடத்திலேயே வாழும் காடை அதில் சேரவில்லை. கோரை விளைந்த ஆற்றங்கரைகளில் ஒரு பகுதி வார்ம் ஸ்பிரிங்ஸ் அணைக்கு இரையானது. போமோ மூதாட்டிகளின் வழிகாட்டலோடு அங்கிருந்த கோரையைப் பெயர்த்து வேறிடத்தில் நட வேண்டியிருந்தது. இறந்தவரோடு கூடையைப் புதைக்கும் வழக்கத்தால் போமோ முடைஞர் எல்சி ஆலனின் பாட்டியின் கூடைகள் மண்ணுக்குள் போயின. தன் கூடைகளைப் புதைக்காதே, வைத்துக் கற்றுக்கொடு என்று எல்சியின் தாய் ஆனி பர்க் கேட்டுக்கொண்டார். எல்சி அப்படியே செய்தார். எதிர்ப்பையும் தாங்கிக்கொண்டு வெளியாருக்கும் சொல்லிக்கொடுத்தார். 1972இல் நூலும் எழுதினார். தாயும் மகளும் காத்த கூடைகள் இன்று நம் கண்முன் இருக்கும்போது, 'இறகு அலங்காரம்' என்ற பொதுச்சொல்லோடு நிறுத்திக்கொள்வது நியாயமில்லை. எந்தப் பறவை, சேவலா பெட்டையா, எத்தனை, படிந்திருக்கிறதா நிற்கிறதா என்று காட்சிக்குறிப்பு சொல்ல வேண்டும். முடைந்தவர் ஒவ்வொரு தையலிலும் எடுத்த முடிவுகள் அவை. அவற்றைப் படிக்காமல் கூடையைப் படித்ததாக நாம் சொல்லிக்கொள்ள முடியாது.