திருக்கோயிற் கல்வெட்டும் திருப்பணியும்

பண்டை மக்களின் வாழ்க்கையை ஆராயப் புகுவோர் மண்ணை அகழ்ந்து, பானையோடும் மணியும் காசும் எடுத்து, அவற்றைக் கருவியாகக் கொண்டு மறைந்த காலத்தை உணர முயல்வர். தமிழ்நாட்டில் அம்முயற்சிக்கு மண்ணின்கீழ்க் கிடப்பனவேயன்றி மண்ணின்மேல் நிற்பனவும் பெருந்துணையாவனவாம். அவை திருக்கோயிற் சுவர்களிற் பொறிக்கப்பெற்ற கல்வெட்டுக்கள். அரசன் இறையிலியாக அளித்த ஊரும், ஒரு நங்கை வைத்த நந்தா விளக்கும், அவ்விளக்கின் நெய்க்காக இடையன் ஏற்றுக்கொண்ட ஆடுகளும், ஊரவையார் செய்த முடிபும் ஒரே சுவரில் அடுத்தடுத்து நிற்றலைக் காணலாம். நூல்கள் பெரும்பாலும் கூறாது விட்ட எளிய மக்களின் பெயரும் செயலும் ஆண்டு இறைவன் திருமுன்னர் நிலைபெற்றுள்ளன.

ஏட்டுச்சுவடி கைமாறி எழுதப்படுந்தோறும் பிழை புகுதற்கு இடனுண்டு, செல்லரித்தலும் உண்டு. கல்வெட்டோ செயல் நிகழ்ந்த காலத்தே அதற்குரியோரால் அவ்விடத்தே வரையப்படுவது. எனினும் அதனை ஆராயாது கொள்ளுதல் தகாது. காண்டல், கருதல், உரை என்னும் அளவைகளால் பொருளைத் துணிதல் சைவ சித்தாந்த நூலார் முறை; சிவஞான சித்தியார் அளவை கூறித் தொடங்குதலும் அதுபற்றியே. கல்லும் அதன்கண் எழுத்தும் காண்டற்குரியன. எழுத்தின் வடிவும் ஆட்சியாண்டும் கொண்டு காலந்துணிதல் கருதல். வாசகம் உரையேயாயினும், அது மக்களுரையாதலின் ஆகமம்போல ஐயமின்றிக் கொள்ளப்படாது, பிற சான்றுகளோடு ஒத்துநோக்கிக் கொள்ளப்படும்.

இம்முறையில் ஆராய்ந்தமையால் விளைந்த பயன் சிறிதன்று. தஞ்சைப் பெருங்கோயிலைக் கரிகாற்சோழன் எடுத்தான் எனத் தலமான்மியம் கூறிவந்தது. 1886-ஆம் ஆண்டிற் கல்வெட்டாய்வாளராக அமர்த்தப்பெற்ற ஹூல்ஷ் என்பார் அக்கோயிற் கல்வெட்டுக்களைப் படித்து, அத்திருக்கற்றளியை எடுப்பித்தவன் முதலாம் இராசராசனே என்பதை அவன் வாய்மொழியாகவே நிறுவினார். தான் கொடுத்தனவும், தன் தமக்கையார் கொடுத்தனவும், தன் தேவியர் கொடுத்தனவும், பிறர் கொடுத்தனவும் ஒருங்கே கல்லில் வெட்டப்படுக என்பது அவ்வேந்தன் ஆணை.

திருமுறை வரலாற்றிற்கும் கல்வெட்டுக்கள் ஒளி தருகின்றன. தில்லையில் அடைபட்டுச் செல்லரித்துக் கிடந்த ஏடுகள் நம்பியாண்டார் நம்பியால் வெளிப்பட்ட வரலாற்றைத் திருமுறைகண்ட புராணம் கூறும். அதுகொண்டு, அதற்குமுன் கோயில்களில் தேவாரம் ஓதப்பட்டிலது போலும் என ஐயுறுவாருமுளர். திருவல்லத்திலுள்ள மூன்றாம் நந்திவர்மன் காலத்துக் கல்வெட்டு, அதாவது 9-ஆம் நூற்றாண்டிற்குரியது, திருப்பதியம் பாடுவாரைக் குறிக்கின்றது. எனவே ஏடுகள் அடைபட்டிருந்தனவேனும் அடியார் நாவில் திருப்பதிகம் ஓய்ந்திலது என்பது பெறப்படும்.

தஞ்சைக் கல்வெட்டொன்று இராசராசன் நியமித்த பிடாரர் 48 பேரையும், உடுக்கை வாசிப்பார் ஒருவரையும், கொட்டிமத்தளம் வாசிப்பார் ஒருவரையும் பெயர் கூறி, ஆளொன்றுக்கு நாடோறும் முக்குறுணி நெல் வகுக்கின்றது. அவர்களுட் பலர் சதாசிவன், ஞானசிவன், அகோரசிவன் என்றாற்போலும் தீக்கைப் பெயருடையர். ஒருவர் இறப்பினும் வேற்றூர் செல்லினும் அவர்க்கு அடுத்த முறையினர் அந்நெல்லைப் பெற்றுத் திருப்பதியம் விண்ணப்பம் செய்க. அவர்தாம் தகுதியிலராயின் தகுதியுடையாரை அமர்த்துக என்றும் அது விதிக்கின்றது. உரிமை வழிவழி வரினும் தகுதி இன்றியமையாதது என்பது அக்காலத்தார் துணிபு. இச்செய்தியை உணர்த்தும் ஏடு வேறில்லை, கல்லே உணர்த்திற்று.

இவை யாவற்றினும் சைவர் நெஞ்சை உருக்குவது திருவிடைவாய்ச் செய்தி. தேவாரச் சுவடிகளில் அத்தலத்திற்குப் பதிகம் காணப்பட்டிலது. 1917-ஆம் ஆண்டில் அக்கோயிற் கல்வெட்டொன்றில் ஆளுடைய பிள்ளையார் அருளிய பதிகம் கண்டெடுக்கப்பட்டது. அதனால் 274 எனப்பட்ட பாடல்பெற்ற தலங்கள் 275 ஆயின. ஏட்டில் இழந்ததைச் சுவர் காத்தளித்தது.

இத்துணைப் பயனுடைய கற்கள் படும் பாடோ இரங்கத்தக்கது. 1836-ஆம் ஆண்டிற் கொள்ளிடத்திற் கீழணை கட்டுதற்பொருட்டுக் கங்கைகொண்ட சோழபுரத்துத் திருமதில் இடிக்கப்பட்டு அதன் கற்கள் கொண்டுபோகப்பட்டன. அது பிறர் செய்த கேடு. அன்பாற் செய்யும் திருப்பணியிலும் கேடு நிகழ்கின்றது என்பதே வருந்தற்குரியது. பழஞ்சுவரைப் பிரித்துப் புதுக்கல் அடுக்குதலானும், எழுத்துள்ள கல்லைப் படிக்கும் தளத்திற்கும் இடுதலானும், சுண்ணமும் வண்ணமும் எழுத்தின்மேற் பூசுதலானும், மணலை விசையுற வீசிச் சுவரைத் துலக்குதலானும் எழுத்துக்கள் சிதைகின்றன.

திருக்கோயில் வழிபாட்டிற்கன்றோ உரியது? எழுத்தாராய்ச்சியின்பொருட்டுத் திருப்பணியை நிறுத்தல் தகுமோ? எனின், அற்றன்று. திருப்பணியை நிறுத்துக என்பது கருத்தன்று. எழுத்தைக் காத்துத் திருப்பணி செய்க என்பதே கருத்து. இது புதிதாக வந்த கொள்கையுமன்று. சோழர்குலத்துச் சிவனடியார் கைக்கொண்ட நெறியாம்.

திருவிசைப்பா அருளிய கண்டராதித்தரின் தேவியாரும் உத்தமசோழன் தாயாருமாகிய செம்பியன் மாதேவியார், செங்கற்றளிகள் பலவற்றைக் கற்றளிகளாக்கினார். திருக்கோடிகாவில் அங்ஙனம் செய்தபோது, முன்னிருந்த கற்களிற் கண்ட பல்லவர் காலத்தனவும் பிறவுமாகிய சாசனங்களைப் புதிய சுவரிற் படியெடுத்து வெட்டுவித்தார். அவை பழங்கல்லின் படியே என்னும் குறிப்பும் உடன் பொறிக்கப்பட்டது. அக்குறிப்பின் அருமை ஓர்தற்குரியது. என்னை? பல்லவ வேந்தன் பெயரும் சோழர்காலத்து எழுத்தும் ஒருங்கே காண்பார், அச்சாசனத்தைப் பொய்யென ஒதுக்கவுங்கூடும். படியைப் படி எனக் கூறிய வாய்மையே அதனைச் சான்றாக்கிற்று.

திருமழபாடியிலும் இந்நெறியே காணப்படும். அக்கோயில் விமானத்தைப் பிரித்துப் புதுக்க இராசராசன் தன் 28-ஆம் ஆண்டில் (1013) ஆணையிட்டபோது, அதன்கண் இருந்த கல்வெட்டுக்களை முதற்கண் புத்தகத்திற் சேர்க்கச் செய்தான். அவன் மகன் இராசேந்திரனது 14-ஆம் ஆண்டில் அவை புத்தகத்திலிருந்து புதிய சுவரில் மீட்டும் வெட்டப்பெற்றன. இடைப்பட்ட ஆண்டுகளில் அரசன் மாறினான்; கடன் மாறிற்றிலது. நுந்தா விளக்கிற்கு எளியோர் ஒருவர் அளித்த பொருளும் இறைவன் உடைமை. அதனைக் கூறும் எழுத்தை அழித்தல் சிவதருமத்தை அழித்தலாம் என்பதை அவர்கள் உணர்ந்திருந்தனர்.

ஆதலின் திருப்பணி தொடங்குவார் சுவரிற் கைவைக்குமுன், எழுத்துள்ள கற்களை எண்ணிட்டுக் குறித்தல் வேண்டும். ஈரத்தாளைக் கல்லின்மேல் ஒற்றி மைதடவி எடுக்கும் மைப்படியும் நிழற்படமும் எடுத்துக் கல்வெட்டுத் துறையார்க்கு அறிவித்தல் வேண்டும். பிரித்த கல்லை எண்முறையே அதனிடத்து வைத்தலும், வைத்தற்கியலாதாயின் படியைப் புதுக்கல்லிற் பொறித்துப் படியெனக் குறித்தலும் வேண்டும். இவற்றிற்கு ஆகும் பொருள் திருப்பணிச் செலவிற் சிறுகூறே.

செல்லரித்த பதிகங்களைச் சைவவுலகம் இன்றும் நினைந்து வருந்துகின்றது. அவற்றுள் ஒன்றைத் திருவிடைவாயிற் கல் மீட்டளித்தது, அதனை எவரும் உடையாது விட்டமையாலன்றோ! இன்னும் படிக்கப்படாத சுவர்களில் யாது உளதென்பதைப் படித்தபின்னரே அறியலாகும். படிக்குமுன் சிதைப்பின் ஒருகாலத்தும் அறியலாகாது.