கத்தரிக்கோல் பிடித்த கை

'சினிமாக் காமிராவுடன் மனிதன்' (1929) படத்தை ஜிகா வெர்தோவின் படம் என்றே சொல்லிப் பழகியிருக்கிறோம். படமோ வேறொன்றைச் சொல்கிறது. பாதியில் ஓட்டம் சட்டென்று நிற்கிறது. ஓடிய குதிரையும் குழந்தைகளின் முகங்களும் உறைந்துபோகின்றன. பிறகு, பிலிம் சுருள்கள் அடுக்கிய அலமாரியருகே ஒரு பெண். துண்டுகளை வெளிச்சத்தில் பார்த்து வெட்டுகிறார். அதன் பிறகே முகங்கள் மறுபடி அசைகின்றன.

அவர் எலிசவேத்தா ஸ்விலோவா (1900–1975), வெர்தோவின் மனைவி. சிறு வயதிலேயே மாஸ்கோவில் பிலிம் வேலைக்கு வந்தவர். வெர்தோவ், அவர் தம்பி மிகயீல் காஃப்மன், ஸ்விலோவா சேர்ந்ததே 'மூவர் குழு'. மனிதக் கண் காணாததைக் காமிரா காணும் என்பது வெர்தோவின் சித்தாந்தம். ஆனால் கண்டவை ஒன்றோடொன்று உறவு கொள்வது தொகுப்பு மேஜையில்தான். சித்தாந்தத்தில் பாதி ஸ்விலோவாவின் விரல்களில் இருந்தது.

வெர்தோவ் ஓரங்கட்டப்பட்ட காலத்திலும் ஸ்விலோவா உழைத்துக்கொண்டிருந்தார். ஆஷ்விட்ஸ் முகாம் பற்றிய 1945ஆம் ஆண்டுச் செய்திப்படம் அவருடையது. நூரம்பர்க் விசாரணை பற்றிய படத்தை (1946) ரோமன் கார்மனுடன் சேர்ந்து இயக்கினார்.

1954ல் வெர்தோவ் இறந்தார். அதன்பின் ஸ்விலோவா தன் உழைப்பைக் கணவரின் எழுத்துக்களையும் குறிப்புகளையும் பாதுகாப்பதில் செலவிட்டார். 1966ல் மாஸ்கோவில் வெர்தோவின் கட்டுரைகள் நூலாயின. அவர் எழுத்து உலகைச் சென்றடைய அது உதவியது.

இதைத் தியாகம் என்று புகழ்ந்துவிட்டு நகர்வது சுலபம். அது இன்னொரு விதமான மறதி. நாம் அறிந்த வெர்தோவும் ஒருவகையில் ஸ்விலோவா தொகுத்ததே. அந்தத் தொகுப்பில் அவர் வெட்டியெறிந்த ஒரே துண்டு, தன் பெயர்.