பெயர் வாயில் நுழையாது, முகம் மறக்காது: யார் இந்த பீட் பாசல்த்வெயிட்?

'இன்செப்ஷன்' பார்த்திருப்பீங்க. அதில் கில்லியன் மர்ஃபியின் அப்பாவாக, சாகக் கிடக்கும் கோடீஸ்வரராக ஒருவர் கட்டிலில் படுத்திருப்பாரே, ஞாபகம் இருக்கா? திரையில் அவர் வருவது சில நிமிடங்கள்தான். பேசும் வார்த்தைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஆனால் அப்பா தன்னைப் பற்றி என்ன நினைத்தார் என்ற மகனின் தவிப்பை நாம் நம்பாவிட்டால் அந்தப் படமே இல்லை. அந்தச் சில நிமிடங்களில் நம்மை நம்ப வைக்க வேண்டிய பொறுப்பு அவருடையது.

அவர்தான் பீட் பாசல்த்வெயிட். பிரிட்டனின் குணச்சித்திர நடிகர். 1946-இல் பிறந்து 2011-இல் மறைந்தவர்.

48 வயதில் ஆஸ்கர் பட்டியல்

இங்கிலாந்தின் வாரிங்டன் நகரில் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். முதலில் பாதிரியாராகலாமா என்று யோசித்தார். பிறகு ஆசிரியர் பயிற்சி முடித்து, நாடகப் பாடம் நடத்தினார். அதன் பிறகுதான் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி, அங்கிருந்து லிவர்பூலின் எவ்ரிமேன் தியேட்டர்.

1970-களின் எவ்ரிமேன் பட்டியலைப் பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும். ஜொனாதன் பிரைஸ், பில் நை, ஜூலி வால்டர்ஸ், ஆன்டனி ஷெர் எல்லோரும் அங்கே நடித்தவர்கள். அது ரெப்பர்ட்டரி முறையில் இயங்கிய குழு. அதாவது ஒரே நடிகர் கூட்டம்தான், நாடகம் மட்டும் மாறிக்கொண்டே இருக்கும். ஒரு நாடகத்தில் தலைமை வேடம் போட்டவர் அடுத்ததில் நாலு வசனம் பேசிவிட்டுப் போவார். பெரிய வேடம், சின்ன வேடம் என்ற கணக்கு அங்கே செல்லாது. பிற்பாடு சினிமாவில் பாசல்த்வெயிட் காட்டிய சரளத்துக்கு இந்தப் பழக்கம்தான் அடிப்படை என்று நினைக்கிறேன்.

பெயரை மாற்றச் சொன்னவர்களும் உண்டு. இவ்வளவு நீளப் பெயரைத் தியேட்டர் வாசலில் விளக்குப் போட்டு எழுதினால் கரன்ட் பில் கட்டுப்படியாகாது என்றார்களாம். அவர் மாற்றவில்லை.

சினிமா மெதுவாகத்தான் வந்தது. 1992-இல் வெளியான 'ஏலியன் 3', 'தி லாஸ்ட் ஆஃப் தி மொஹிகன்ஸ்' இரண்டிலும் இருக்கிறார், ஆனால் தேடித்தான் பார்க்க வேண்டும். 1993-இல் 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' வந்தது. செய்யாத குண்டுவெடிப்புக்காகச் சிறையில் அடைக்கப்பட்ட ஜெர்ரி கான்லனின் அப்பா ஜியூசெப்பே வேடம். சிறைக்குள்ளேயே இறந்துபோன உண்மை மனிதர் அவர். (படத்தில் காட்டுவது போல அப்பாவும் மகனும் ஒரே அறையில் ஒன்றாக இருந்தது நிஜமல்ல.) சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. அப்போது அவருக்கு 48 வயது. அதே பிரிவில் போட்டியிட்ட லியனார்டோ டிகாப்ரியோவுக்கு 19. விருது டாமி லீ ஜோன்ஸுக்குப் போனது.

அப்பா வேடத்தின் கணக்கு

மகனாக நடித்த டேனியல் டே லூயிஸுக்கும் இவருக்கும் நிஜத்தில் 11 வயதுதான் வித்தியாசம். படம் பார்க்கும்போது அது தோன்றவே தோன்றாது. மூன்று வருடம் கழித்து வந்த 'பிராஸ்ட் ஆஃப்'பில் இவருக்கு மகனாக வரும் ஸ்டீஃபன் டாம்கின்சன் 19 வயது இளையவர். அதற்கெல்லாம் முன்பு, 1988-இன் 'டிஸ்டன்ட் வாய்ஸஸ், ஸ்டில் லைவ்ஸ்' படத்தில் வீடே நடுங்கும் முரட்டு அப்பா. 2010-இல் மட்டும் இரண்டு அப்பாக்கள்: 'இன்செப்ஷன்' ஒன்று, 'க்ளாஷ் ஆஃப் த டைட்டன்ஸ்' படத்தில் பெர்சியஸை எடுத்து வளர்க்கும் மீனவர் இன்னொன்று.

ஒரே மாதிரி வேடத்தில் முத்திரை குத்திவிட்டார்கள் என்று சொல்லத் தோன்றும். ஆனால் படங்களை அடுத்தடுத்துப் பாருங்கள், ஒரு அப்பா இன்னொருவர் மாதிரி இருக்கமாட்டார். ஜியூசெப்பே குரலை உயர்த்தாத ஆள். 'பிராஸ்ட் ஆஃப்'பின் டேனி, சுரங்கம் மூடப்படும் ஊரில் நுரையீரல் கெட்டுப்போன நிலையிலும் பேண்டு வாத்தியக் குழுவைக் கட்டிக்காக்கிற பிடிவாதக்காரர். கடைசியில் ராயல் ஆல்பர்ட் ஹாலில் அவர் பேசும் காட்சி ஒன்றே போதும்.

1997-இல் ஸ்பீல்பெர்க் இவரை இரண்டு படங்களில் பயன்படுத்தினார்: 'தி லாஸ்ட் வேர்ல்ட்'டில் வேட்டைக்காரர், 'அமிஸ்டாட்'டில் அரசு வழக்கறிஞர். உலகின் சிறந்த நடிகர் என்று ஸ்பீல்பெர்க் இவரைப் பாராட்டியது பிரபலம். "அப்படிச் சொல்லியிருக்க மாட்டார், நான் என்னைப் பற்றி அப்படி நினைக்கிறேன் என்றுதான் சொல்லியிருப்பார்" என்ற பொருளில் இவர் கிண்டலடித்தார்.

லிவர்பூலை விடவில்லை

ஹாலிவுட்டில் இவ்வளவு பார்த்த பிறகும் 2008-இல், 62 வயதில், 'கிங் லியர்' நடிக்கத் தேர்ந்தெடுத்தது அதே எவ்ரிமேன் மேடையை. அடுத்த வருடம் பருவநிலை மாற்றம் பற்றிய 'தி ஏஜ் ஆஃப் ஸ்டுபிட்' படத்தில் நடித்தார். கிங்ஸ்நார்த்தில் புதிய நிலக்கரி மின்நிலையத்துக்கு அரசு அனுமதி கொடுத்தால், 2004-இல் பெற்ற ஓபிஇ கௌரவத்தைத் திருப்பிக் கொடுப்பேன் என்றார். சுரங்கத் தொழிலாளர்களுக்காகத் திரையில் முழங்கிய அதே மனிதர்! திட்டம் அந்த ஆண்டே கிடப்பில் போடப்பட்டது.

2011 ஜனவரி 2 அன்று கணையப் புற்றுநோயால் இறந்தார். அதே மாதம் 'தி டவுன்' படத்துக்காக பாஃப்டாவின் துணை நடிகர் பட்டியலில் அவர் பெயர் வந்தது.

எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்? என் சிபாரிசு, முதலில் 'பிராஸ்ட் ஆஃப்'. 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' இன்னும் பார்க்கவில்லை என்றால் அடுத்து அது. ஜப்பானியப் பெயர் கொண்ட வக்கீலாக, எந்த ஊர் என்றே பிடிபடாத உச்சரிப்பில் பேசுவார். ஏன் அப்படி என்று கடைசிக் காட்சிக்கு முன்னால் யாரிடமும் கேட்காதீங்க.