பேய்ப்படமும் பெண்ணின் பெயரும்

எண்பதுகளின் இறுதியில் ராஜபாளையத்தில் தறி ஓடும் எங்கள் தெருவுக்கு டெக் வாடகைக்கு வருவதென்றால் திருவிழாதான். எல்லோரும் காசு போட்டு ஒரு ராத்திரிக்கு மூன்று கேசட் எடுப்போம். கடைசிப் படம் பேய்ப்படமாக இருக்க வேண்டும் என்பது பெண்களின் நிபந்தனை. ஆண்கள் தூங்கிவிடுவார்கள். பகலெல்லாம் பேண்டேஜ் தறியில் நின்ற அம்மாவும் அத்தைகளும் விழித்திருப்பார்கள். அப்படித்தான் ‘ஆயிரம் ஜென்மங்கள்’ பார்த்தேன். பிரதிக்குப் பிரதி எடுத்துத் தேய்ந்த நாடா; டைட்டில் ஓடும் பகுதியே அதில் இல்லை. “ரஜினி நடிச்ச பேய்ப்படம்” என்பதுதான் எங்களுக்கு அதன் அடையாளம்.

துரை இயக்கிய அந்த 1978ஆம் ஆண்டுப் படம், 1976இல் வந்த ‘யக்ஷகானம்’ என்ற மலையாளப் படத்தின் மறுஆக்கம். மூலப்படத்தை இயக்கியவர் நடிகை ஷீலா. அவர் இயக்கிய முதல் படம் அது. ஆசை தீராமல் செத்த பெண் ஒருத்தி, காதலனுடைய மனைவியின் உடம்பில் ஏறி வாழ வருகிறாள். எங்கள் தெருப் பெண்கள் அந்தப் பேய்க்காகப் பரிதாபப்பட்டார்கள். இந்தக் கதையை முதலில் படமாக்கியவர் ஒரு பெண் என்பது யாருக்கும் தெரியாது. எனக்கே பல ஆண்டுகள் கழித்துத்தான் தெரிந்தது.

சட்டத்துக்கும் அவர் தெரியமாட்டார். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் ‘ஆசிரியர்’ அதன் தயாரிப்பாளர். இயக்குநர் அல்ல, நடிகையும் அல்ல. உரிமைக் காலம் 60 ஆண்டுகள். 2004இல் தமிழ்நாடு அரசு திருட்டு வீடியோவைக் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தது. 2014இல் ‘அரண்மனை’ வெளியானபோது, தன் படத்தின் கதை எடுத்தாளப்பட்டதாக ‘ஆயிரம் ஜென்மங்கள்’ தயாரிப்பாளர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். திருட்டு என்று நாம் பேசுவதெல்லாம் முதல் போட்டவரின் இழப்பைப் பற்றியே.

அப்படியானால் பழைய படங்களை இணையத்தில் அனுமதியின்றி ஏற்றுவது சரியா? அவசரப்பட வேண்டாம். 1922இல் ஜெர்மனியில் ‘நோஸ்ஃபெராட்டு’ எடுத்தவர்கள் பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’ நாவலை அனுமதி பெறாமல் எடுத்துக்கொண்டார்கள். கணவரை இழந்த ஃப்ளாரன்ஸ் ஸ்டோக்கருக்கு அந்த நாவல் வருமானம். அவர் வழக்காடினார். 1925இல் பிரதிகளை அழிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. தப்பிய பிரதிகளால்தான் இன்று அந்தப் படம் நம்மிடம் இருக்கிறது. அதற்கு நன்றி சொல்லும் நாம், கலையை அழிக்கப் பார்த்தவள் என்று ஃப்ளாரன்ஸை ஏசுகிறோம். தன் பிழைப்புக்கு உரியதைக் கேட்டவர் அவர் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டாமா?

எங்கள் ஊரிலிருந்து பஸ் ஏறினால் சற்று நேரத்தில் ஸ்ரீவில்லிபுத்தூர். ஆண்டாளின் பாடல்கள் நூற்றாண்டுகளாக ஓலையிலிருந்து ஓலைக்கு யாருடைய அனுமதியும் இல்லாமல் பெயர்த்தெழுதப்பட்டவை. ஆனால் பதிகம் முடிகிற இடத்தில் தன் பெயரையும் தந்தை பெயரையும் பாட்டுக்குள்ளேயே வைத்துப் பாடினாள் அவள். பெயரை எடுத்தால் யாப்பே உடையும். அதனால் யார் எழுதினாலும் கோதையும் கூடவே வந்தாள்.

சினிமாவில் வேலை செய்த பெண்ணுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. அவள் பெயர் டைட்டிலில் தனியே நிற்கிறது, வெட்டுவது சுலபம். பேயாக நடித்தவளின் உடம்பை மட்டும் நறுக்கிச் சுற்றுக்கு விடுவது அதைவிடச் சுலபம். அதைப் படத்தைக் காப்பாற்றுவதாகச் சொல்லிக்கொள்ள முடியாது. எங்கும் கிடைக்காத ஒரு படத்தைக் கைமாற்றும் முன் நாம் கேட்டுக்கொள்ள வேண்டியவை உண்டு. இதனால் எந்தப் பெண்ணின் வருமானம் போகிறது? யார் பெயர் விடுபட்டிருக்கிறது? குறைந்தது அந்தப் பெயரையாவது எழுதி அனுப்பலாம்.

அம்மாவிடம் ஷீலாவைப் பற்றிச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். “இத அன்னிக்கே யாராவது சொல்லியிருக்கலாம்ல” என்றார்.