ரஷ்யத் திரையுலகுக்கு அடித்தளமிட்ட கான்ஜோன்கோவ்

திரைப்படம் என்றதும் முதலில் நினைவுக்கு வருபவர் நடிகர், அடுத்து இயக்குநர். பணம் போட்டு, ஆட்களைத் திரட்டி, நட்டத்தையும் சுமக்கும் தயாரிப்பாளரை வரலாறு எளிதில் மறந்துவிடுகிறது. ரஷ்யத் திரைத்துறையின் முன்னோடிகளில் ஒருவரான அலெக்சாந்தர் கான்ஜோன்கோவுக்கும் அந்த நிலைதான் ஏற்பட்டது.

இன்று உக்ரேனில் உள்ள டோனெட்ஸ்க் வட்டாரத்தில் 1877ஆம் ஆண்டு பிறந்த அவர், ஜார் மன்னரின் கொசாக் படையில் அதிகாரியாக இருந்தார். உடல்நலக் குறைவால் 1905இல் படையிலிருந்து விலகி, திரைப்பட வணிகத்தில் இறங்கினார். அக்காலத்தில் ரஷ்யத் திரையரங்குகளில் பிரெஞ்சுப் படங்களே கோலோச்சின. அவரும் முதலில் வெளிநாட்டுப் படங்களைத்தான் வாங்கி விற்றார். 1908இல் திராங்கோவ் என்ற தயாரிப்பாளர் 'ஸ்டென்கா ராஸின்' என்ற முதல் ரஷ்யக் கதைப் படத்தை வெளியிட்டார். அதே ஆண்டில் கான்ஜோன்கோவும் சொந்தமாகப் படமெடுக்கத் தொடங்கினார்.

சில நிமிடங்களே ஓடும் படங்கள் மலிந்திருந்த காலம் அது. ஆனால், 1911இல் அவர் வாசிலி கொன்சரோவுடன் சேர்ந்து இயக்கிய 'செவஸ்தோபோல் தற்காப்பு' ஒன்றரை மணி நேரத்திற்கும் மேல் ஓடியது. கிரைமியப் போரைச் சித்திரித்த அப்படத்தின் இறுதியில், அப்போரில் கலந்துகொண்டு உயிரோடு எஞ்சியிருந்த முதியவர்களே தோன்றினர். இரண்டாம் நிக்கலஸ் மன்னர் அதனைத் தமது லிவாடியா அரண்மனையில் பார்த்தார்.

திறமையைக் கண்டறிவதிலும் அவர் கெட்டிக்காரர். ஸ்டாரெவிச் என்ற கலைஞர் இறந்த வண்டுகளைப் பொம்மைகளாக்கி, ஒவ்வொரு அசைவாகப் படம்பிடித்து உயிரூட்டினார். உயிருள்ள பூச்சிகளைப் பழக்கி நடிக்க வைத்திருப்பதாகவே பலர் நம்பினர்! இயக்குநர் பாவெர், நடிகை வேரா ஹொலோத்னயா ஆகியோரும் இந்நிறுவனத்தில்தான் புகழ்பெற்றனர். அறிவியல், வேளாண்மை பற்றிய படங்களுக்கென 1911இல் தனிப் பிரிவே தொடங்கினார். திரைப்படம் பொழுதுபோக்கு மட்டுமன்று, கல்விக் கருவியும்கூட என்பது அவரது நம்பிக்கை.

1917 புரட்சி அனைத்தையும் புரட்டிப் போட்டது. 1919 ஆகஸ்டு 27ஆம் தேதி, திரைத்துறையை நாட்டுடைமையாக்கும் ஆணையில் லெனின் கையெழுத்திட்டார். 1920இல் நாட்டைவிட்டு வெளியேறிய கான்ஜோன்கோவ், அழைப்பு வந்ததும் 1923இல் திரும்பினார். ஆனால், 1926இல் பணியாற்றிய நிறுவனத்தின் நிதி முறைகேட்டு வழக்கில் கைதானார். ஆதாரமில்லாமல் விடுவிக்கப்பட்டும், அரசியல் உரிமைகள் பறிக்கப்பட்டன. திரைத்துறையில் பணியாற்றவும் தடை விதிக்கப்பட்டது. நோயும் வறுமையும் வாட்டின. 1934இல் அவர் முறையிட்ட பிறகே உரிமையும் ஓய்வூதியமும் கிடைத்தன. 1937இல் அவரது நினைவுக் குறிப்புகள் நூலாக வெளிவந்தன. 1945இல் யால்டா நகரில் காலமானார்.

ரஷ்யாவில் திரைப்பட நாள் கொண்டாடப்படுவது ஆகஸ்டு 27ஆம் தேதி. தனியார் தயாரிப்பாளர்கள் வளர்த்த தொழில் அரசின் கைக்குப் போன நாள் அது. அத்தொழிலுக்குக் கடைக்கால் தோண்டியவர்களுள் ஒருவர் கான்ஜோன்கோவ் என்பதையும் அந்நாளில் நினைத்துப் பார்ப்பதே நியாயம்.