வெசாக் பந்தலில் ஒலிக்கும் நம்மவர் குரல்

வெசாக் நாட்களில் கண்டிப் பக்கத்தில் ஒலிபெருக்கி கட்டிய இடங்களில் அடிக்கடி கேட்கும் பாட்டு ‘புத்தம் சரணம் கச்சாமி’. பாடியவர் முகைதீன் பேக். நமது மாணவர்களுக்குப் பாட்டுத் தெரியும். பாடியவர் முஸ்லிம் என்றால் வியப்படைகிறார்கள்.

பேக் 1919 டிசம்பர் 5இல் தமிழகத்துச் சேலத்தில் பிறந்தவர். 1930களின் தொடக்கத்தில், சிறுவனாக இலங்கைக்கு வந்தார். அவரது குரலை இனங்கண்டு இசைத்தட்டில் ஏற்றியவர் இசையமைப்பாளர் முகம்மது கவுஸ். லக்ஷ்மி பாயுடன் இணைந்து பாடிய பௌத்த கீதம் ஒன்று பேக்கின் முதல் தட்டுகளைச் சேர்ந்தது. அரக்கால் செய்த அந்தத் தட்டின் ஒரு பக்கம் சுமார் மூன்று நிமிடமே ஓடும். அதற்குள் பாட்டு முடிந்தாக வேண்டும்.

சிங்களப் பேசும்படம் 1947இல் பிறந்தது. அவ்வாண்டே வெளியான ‘அசோகமாலா’ கோயம்புத்தூரில் தயாரானது, இசை கவுஸ். பேக் திரைப்படத்துக்குப் பாடத் தொடங்கியது அதில்தான். அக்காலத்தில் இந்தி, தமிழ் மெட்டுகளுக்கே சிங்களச் சொற்கள் பொருத்தப்பட்டன. அந்த இசையைக் கேட்டு வளர்ந்தவருக்கு அது கைவந்த வேலை. சுதேச இசை வேண்டும் என்ற குரல் பின்னர் வலுத்தபோதும் பேக்குக்கு ரசிகர் குறையவில்லை. அவரோடு பல ஜோடிப் பாடல்கள் பாடிய ருக்மணி தேவி கொழும்புச் செட்டிக் கிறிஸ்தவக் குடும்பத்தவர். ஆக, சிங்களத் திரைப்பாட்டின் முதல் தலைமுறையில் சிறுபான்மையினரின் பங்கு சிறிதன்று. 1991 நவம்பர் 4இல் பேக் மறைந்தார்.

2018 மார்ச்சில் திகன, தெல்தெனியப் பகுதிகளில் நமது பள்ளிவாசல்களும் கடைகளும் வீடுகளும் எரிக்கப்பட்டன. இரண்டு மாதம் ஆகுமுன் வெசாக் வந்தது. இத்தகைய வேளைகளில் பேக்கின் பெயரை நமது விசுவாசத்துக்குச் சான்றிதழாக நீட்டுவோர் உண்டு. அது அவருக்கும் நமக்கும் மதிப்பாகாது. இந்நாட்டில் அச்சமின்றி வாழ ஒரு குடிமகன் பாட்டுப் பாடிக் காட்டவேண்டியதில்லை.

மறுபுறம், நாமும் அவரை ஒதுக்கியே வைத்திருக்கிறோம். 1882இல் ‘முஸ்லிம் நேசன்’ தொடங்கிய கண்டிச் சித்திலெப்பையைப் போற்றுகிறோம், அது முறையே. ஆனால் சினிமா, சிங்களம், பௌத்த கீதம் என்ற மூன்று காரணங்களால் பேக் நமது கலை வரலாற்றில் ஓரிரு வரிகளுக்கு மேல் இடம் பெறுவதில்லை. பரண்களில் கிடக்கும் பழைய தட்டுகள் கைதவறினால் உடைந்துபோகும். அவற்றின் லேபிளில் உள்ள பாட்டு, பாடகர், கம்பெனி, இலக்கம் ஆகியவற்றையாவது இப்போதே எழுதி வைப்போம். வரலாறு எழுத வருபவருக்கு அது போதும்.