திருப்பெயரும் மக்கட்பெயரும்

பெயர் என்பது ஒருவரை மற்றொருவரினின்றும் பிரித்தறிதற்கு இட்ட குறி என்று உலகியலார் கூறுவர். அஃது உண்மையே; ஆயினும் முழுவுண்மை அன்று. குறி மட்டுமே வேண்டின் எண் போதும். மகவுக்குப் பெயரிடும் பெற்றோர், தாம் எதனை உயர்ந்ததென மதித்தனர், எவர்க்கு நன்றி பாராட்டினர், அம்மகவு யாங்ஙனம் வாழ விழைந்தனர் என்பனவற்றையெல்லாம் ஒரு சொல்லில் அடக்கி வைக்கின்றனர். ஆகலின் மக்கட்பெயர் ஒவ்வொன்றும் ஒரு சிறு வரலாற்று ஏடாகும். திருக்குடமுழுக்கு நிகழும் இந்நன்னாளில், இறைவன் திருப்பெயர் மக்கட்பெயராய் வழங்கும் மரபினை அன்பர்கள் சிந்தித்தல் நலமாம்.

முதற்கண் பிறமொழிகளை நோக்குவோம். தருக்கம் பயின்றார் அனைவரும் தேவதத்தனை அறிவர். பகலில் உண்ணாமலும் உடல் பருத்திருக்கும் தேவதத்தன் இரவில் உண்பவனாதல் வேண்டும் என்று, அருத்தாபத்தி அளவைக்கு அவனையே எடுத்துக்காட்டுவர். தேவதத்தன் என்னும் வடசொற்குத் தேவனால் தரப்பட்டவன் என்பது பொருள். கிரேக்கர் வழங்கிய தியோடோரசு என்னும் பெயர்க்குக் கடவுளின் கொடை என்பது பொருள். எபிரேயத்து நதானியேல், பாரசீகத்துக் குதாதாத், சிலாவிய மொழிகளில் வழங்கும் போக்தான் ஆகிய பெயர்களும் இறைவன் தந்தான் என்னும் கருத்தினவே. அவ்வாறே அடிமைத்திறம் உணர்த்தும் பெயர்களும் உள. அரபு மொழியில் அப்துல்லா, எபிரேயத்தில் ஒபதியா, வடமொழியில் சிவதாசன், தமிழில் இறையடியான் என்பன அவை. மொழி வேறு, நாடு வேறு, வழிபடு நெறி வேறு. எனினும் மகவைக் கையிலேந்திய தாய் தந்தையரின் உள்ளம் எங்கும் ஒன்றாகவே பேசியிருத்தல் காண்க.

பெயர் மொழி கடந்து செல்லுங்கால் சிலவிடத்து ஓசையைக் கொண்டு செல்லும். சிலவிடத்துப் பொருளைக் கொண்டு செல்லும். தமிழகத்துக் கத்தோலிக்கர் யோவானை அருளப்பர் என்றும், பவுலைச் சின்னப்பர் என்றும் வழங்கினர். யோவான் என்பதன் எபிரேய மூலம் இறைவன் அருளுடையன் என்று பொருள்படும். இலத்தீனில் பவுலுசு என்பது சிறியவன் எனப் பொருள்படும். ஓசையை விடுத்துப் பொருளைப் பற்றியமையால் அப்பெயர்கள் தமிழ்ப்பெயர்களாகவே நம் செவிக்கு இயைந்தன.

இம்முறை நம் சைவ உலகில் நெடுங்காலமாக நிலவுவது. திருச்சிராப்பள்ளிப் பெருமான் தமிழில் தாயுமானவர், வடமொழியில் மாத்ருபூதேசுவரர். அப்பகுதியில் தாயுமானவன் என்றும் மாத்ருபூதம் என்றும் மக்கட்குப் பெயரிடுவர். 18ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த தாயுமானவ அடிகளும் அப்பெருமான் பெயரையே தாங்கியவர். மாதொருபாகன், அர்த்தநாரீசுவரன் என்பனவும் இவ்வாறே இருமொழிகளில் ஒரு திருக்கோலத்தை உணர்த்துவன.

இதனினும் சிறந்ததொரு சான்று திருவெண்காட்டுத் தலத்தைப் பற்றியது. வடமொழியில் அத்தலம் சுவேதவனம் எனப்படும். பட்டினத்தடிகளுக்குப் பெற்றோர் இட்ட பெயர் திருவெண்காடர். 13ஆம் நூற்றாண்டில் அத்தலத்து இறைவன் அருளால் பிறந்தவரெனப் போற்றப்படும் மெய்கண்ட தேவருக்கு இட்ட பிள்ளைப்பெயர் சுவேதவனப்பெருமாள். தலம் ஒன்றே, ஒரு பெயர் தமிழ், மற்றது வடமொழி. பின்னர்ப் பரஞ்சோதி முனிவர் அப்பிள்ளைக்கு உபதேசம் அருளித் தம் குரவராகிய சத்தியஞான தரிசினிகளின் பெயரைத் தமிழாக்கி மெய்கண்டார் எனச் சூட்டினர் என்பது நம் சந்தான மரபு. சத்தியம் மெய், தரிசித்தல் காண்டல். குருவின் திருப்பெயர் மொழிமாறி மாணாக்கர் மேல் நின்றது. சைவ சித்தாந்தத்தின் தலைமைப் பெயரே ஒரு மொழிபெயர்ப்பு என்பது எண்ணி மகிழத்தக்கது. அண்மைக் காலத்துச் சூரியநாராயண சாத்திரியார் பரிதிமாற் கலைஞர் எனவும், சுவாமி வேதாசலம் மறைமலையடிகள் எனவும் விளங்கியதும் இவ்வழியின் தொடர்ச்சியே.

ஒருவர் வாழ்வின் நிலைகளைப் பெயர்களே காட்டுதலும் உண்டு. திருவாமூரில் மருணீக்கியாராய்த் தோன்றியவர் சமணப்பள்ளியில் தருமசேனர் ஆனார். திருவதிகையில் இறைவனருளால் நாவுக்கரசர் ஆனார். ஆளுடைய பிள்ளையார் அழைக்க அப்பர் ஆனார். அவரை நேரிற் காணாமுன்னரே திங்களூர் அப்பூதியடிகள் தம் மக்கட்கும், ஆனிரைக்கும், அளக்குங் கருவிகட்கும், தண்ணீர்ப்பந்தருக்கும் திருநாவுக்கரசு என்னும் பெயரையே இட்டனர் எனப் பெரியபுராணம் கூறும். பிள்ளையை அழைத்தாலும், நெல்லை அளந்தாலும் அத்திருப்பெயரே அவர் நாவில் நின்றது. இல்லறக் கடமைகளுக்கிடையே ஓயாது செபிக்க வேறு வழி யாது உளது?

அரசர் பெயர் நிலைத்தல் வியப்பன்று. எளியோர் பெயரும் திருக்கோயிலால் நிலைபெறும். தஞ்சை இராசராசேச்சரத்துத் திருப்பணிக்கென மன்னன் பல ஊர்க் கோயில்களினின்றும் வருவித்த 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்கள் அக்கோயிற் கல்வெட்டில் வீட்டுவரிசைப்படி பொறிக்கப்பட்டுள்ளன. ஒவ்வொருவர்க்கும் ஆண்டுக்கு 100 கலம் நெல் பங்காக விதிக்கப்பட்டது. சிவபெருமான் பெயர்களுள் ஒன்றாகிய நக்கன் என்பது அவர்தம் பெயர்களின் முன்னே நிற்கும். அவருள் ஒருத்தியின் பெயர் எடுத்தபாதம். ஆடும் பெருமான் தூக்கிய திருவடியையே ஓர் ஆடன்மகளுக்குப் பெயராக இட்டோர் யாவரோ! அவர்தம் பெயர் மறைந்தது. அவர் உள்ளத்திருந்த பத்தி மட்டும் ஓராயிரம் ஆண்டு கடந்தும் கல்லிலே நின்று நம்மோடு பேசுகின்றது.

இனி நம் காலத்து நிலையை ஒருசிறிது எண்ணுவோம். பெயரிடுவோர் பலர் இன்று ஓசை புதிதாயிருத்தலையே விரும்புகின்றனர். எழுத்துகளை எண்ணிக் கூட்டிப் பலன் பார்ப்பாரும் உளர். பொருள் யாதெனின் விடையில்லை. இட்டாரும் அறியார், பெற்றாரும் அறியார், அழைப்பாரும் அறியார். அத்தகைய பெயர் வெறுங்குறியே ஆகும். தமிழ்ப்பெயரோ வடமொழிப்பெயரோ என்று வழக்கிடுதல் இங்கு எம் நோக்கமன்று. வெண்காடு என்றாலும் சுவேதவனம் என்றாலும் கண்டது ஒரு பொருளையே. அப்பொருளை மறத்தலே இழப்பு. ஒரு தலத்துப் பெருமான் பெயரை அவ்வூர்ப் பிள்ளைகள் தாங்குதல் ஒழியின், அத்தலத்தின் வரலாறு இல்லங்களினின்றும் நீங்கித் தலபுராண ஏட்டளவில் ஒடுங்கிவிடும்.

ஆதலின் திருப்பணிக்குப் பொருளீந்த அன்பர்கட்கு எம் வேண்டுகோள் இரண்டு. தத்தம் குடியிற் பிறக்கும் மகவுக்கு இத்தலத்து அம்மையப்பர் திருப்பெயருள் ஒன்றையேனும் சூட்டுக. வேறு பெயர் இட்டிருப்பினும் அதன் பொருளைப் பிள்ளைக்கு அறிவுற எடுத்துரைக்க. கோயிற்கல்லிற் பொறித்த நம் பெயரை வருங்காலத்தார் காண்பர். பிள்ளையின் பெயரிற் பொறித்த இறைவன் திருப்பெயரையோ நாம் நாடோறும் நம் நாவாரச் சொல்லுவோம்.

அழைக்குந்தோறும் அருள் சுரக்கும் அத்திருப்பெயர்கள் இல்லந்தோறும் விளங்குக. குடமுழுக்குக் கண்ட இத்திருக்கோயிலும் அடியார் திருக்கூட்டமும் நீடு வாழ்க.